பேராயர் கை வைக்காத குருமார்

1919 மே மாதம் தரங்கம்பாடியில் 33 பேர் கூடி, தென்னிந்தியாவுக்கு ஒரே திருச்சபை வேண்டும் என்று அறிக்கை எழுதியதைப் போன வாரம் பார்த்தோம். அது நிறைவேற 28 ஆண்டுகள் பிடித்தன. கூடியவர்களுக்குள் பகை ஏதும் இருக்கவில்லை. இத்தனை ஆண்டுகளையும் விழுங்கியது ஒரே கேள்விதான்: பேராயர் தலைமேல் கை வைத்து அபிஷேகம் செய்யாத ஒருவர், குருவானவர் ஆவாரா?

அன்றைய நிலவரத்தைத் தெரிந்துகொண்டால்தான் கேள்வியின் கூர்மை புரியும். திருநெல்வேலியில் சி.எம்.எஸ்., எஸ்.பி.ஜி. என்ற இரண்டு ஆங்கிலிக்கன் மிஷன்கள். மதுரையில் அமெரிக்கன் மிஷன். அது 1908-ல் பிரஸ்பிட்டேரியன் சபைகளோடு சேர்ந்து தென்னிந்திய ஐக்கிய சபை (எஸ்.ஐ.யு.சி.) ஆகிவிட்டிருந்தது. மன்னார்குடிப் பக்கம் மெதடிஸ்ட். நாசரேத்திலிருந்து பிழைப்புக்காக மதுரை போன குடும்பம், அங்கே ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்குப் போகலாம், பாடலாம், பிரசங்கம் கேட்கலாம். ஆனால் ஆங்கிலிக்கன் ஒழுங்கின்படி அந்த ஊர் ஐயர் (குருவானவர்) கொடுக்கும் திருவிருந்தில் பங்குபெறக் கூடாது. அந்த ஐயருக்குப் பட்டம் கொடுத்தவர் பேராயர் இல்லையே!

இந்த விதி பிறந்த இடம் இங்கிலாந்து. 1662-ஆம் ஆண்டு ஜெபப் புத்தகத்தோடு வந்த சட்டம், பேராயரிடம் பட்டம் பெறாதவர் எவரும் இங்கிலாந்துத் திருச்சபையில் ஊழியம் செய்ய முடியாது என்று கதவடைத்தது. ஏறக்குறைய 2,000 போதகர்கள் சபைகளை இழந்தார்கள். அவர்களுடைய வழிமரபில் வந்தவர்கள்தாம் காங்கிரிகேஷனல், பிரஸ்பிட்டேரியன் மிஷனரிகளில் பலர். பேராயர் என்ற பெயரைக் கேட்டாலே அவர்களுக்குப் பழைய காயம் வலித்தது. ஆங்கிலிக்கன் தரப்பிலோ, அப்போஸ்தலர் காலத்திலிருந்து கைமாறி வந்த அபிஷேகத் தொடர் தங்கள் பொறுப்பில் அறுந்துவிடுமோ என்ற அச்சம். இரண்டு தரப்பும் மனச்சாட்சியோடுதான் பேசின.

உலக ஆங்கிலிக்கன் பேராயர்கள் கூடிய 1888 லாம்பெத் மாநாடு, ஒற்றுமைக்கு அடிப்படையாக நான்கைச் சொல்லியிருந்தது: வேதாகமம், விசுவாசப் பிரமாணங்கள், திருமுழுக்கு, திருவிருந்து என்ற இரண்டு சாக்கிரமந்துகள், பேராயர் முறை. முதல் மூன்றில் தகராறு இல்லை. நான்காவதில், ஒன்றிப்பைப் பேசிய சபைகளின் கூட்டுக் கமிட்டி ஆண்டுக்கணக்கில் சிக்கிக்கொண்டது. எல்லாக் குருமார்களுக்கும் மறுபடி ஏதாவதொரு வகையில் கைவைத்து விடலாமே என்று யோசனை வந்தபோது எஸ்.ஐ.யு.சி. மறுத்தது. இத்தனை காலம் நாங்கள் கொடுத்த ஞானஸ்நானமும் திருவிருந்தும் என்ன ஆவது என்ற அவர்கள் கேள்வியில் நியாயம் இருந்தது. பட்டம் பெறாத சபையாரும் திருவிருந்து நடத்தலாம் என்று அவர்களில் சிலர் கேட்டதற்கு ஆங்கிலிக்கன் தரப்பு இணங்கவில்லை.

முடிவில் கண்ட வழியைத்தான் நான் இந்த வரலாற்றின் உச்சமாக நினைக்கிறேன். பேராயர் முறையை எல்லோரும் ஏற்பார்கள். இனி எல்லாப் பட்டமும் பேராயர் கையால்தான். ஏற்கெனவே பட்டம் பெற்றவர்களுக்கு மறு அபிஷேகம் கிடையாது. அனைவரும் அப்படியே குருமார்கள். எந்தச் சபையின் மனச்சாட்சிக்கும் ஒவ்வாத ஊழியரை அதன்மேல் திணிப்பதில்லை என்று ஒரு வாக்குறுதி. இரு வகைக் குருமாரும் சேர்ந்து ஊழியம் செய்ய முப்பது ஆண்டு இடைவெளி. குறையைத் திருத்தும் வேலையைக் காலத்திடமும் தேவனிடமும் ஒப்படைத்தார்கள்.

லண்டனில் புயல் எழுந்தது. கவிஞர் டி.எஸ். எலியட் 1943-ல் இந்தத் திட்டத்தை எதிர்த்துத் தனிச் சிறுநூலே எழுதினார். தெளிவாக வரையறுக்காத ஒற்றுமை, உள்ள திருச்சபையையும் குலைக்கும் என்பது அவர் வாதம். அதை அலட்சியமாகத் தள்ளிவிட முடியாது. ஆனால் வெள்ளாளன்விளையில் பிறந்து தோர்ணக்கல் பேராயரான அசரியா வேறொரு கணக்கு வைத்திருந்தார். மேலைநாட்டுக்கு ஒற்றுமை ஓர் இலட்சியமாக இருக்கலாம், இந்தியச் சபைக்கு அது உயிர்ப் பிரச்சினை என்ற கருத்தை அவர் 1927-லேயே திருச்சபை ஒற்றுமைக்கான லோசான் மாநாட்டில் சொல்லிவிட்டார். ஏறக்குறைய கால் நூற்றாண்டு இதற்காக உழைத்தவர் 1945 ஜனவரி 1-ஆம் தேதி காலமானார். அதே மாதம் கல்கத்தாவில் கூடிய ஆங்கிலிக்கன் பொதுச்சங்கம் திட்டத்துக்கு ஒப்புதல் தந்தது.

1947 செப்டம்பர் 27, சனிக்கிழமை. சென்னை செயின்ட் ஜார்ஜ் பேராலயத்தில் பேராயர் சி.கே. ஜேக்கப், தென்னிந்தியத் திருச்சபை என்ற ஒன்றிப்பை அறிவித்தார். அன்றே ஒன்பது புதிய பேராயர்கள் அபிஷேகம் பெற்றார்கள். அவர்கள் தலைமேல் ஆங்கிலிக்கன் பேராயர்களோடு குருமார்களின் கைகளும் இருந்தன. அந்த ஒன்பது பேரில் ஒருவர் ஸ்காட்லாந்துச் சபையைச் சேர்ந்த 37 வயது லெஸ்லி நியூபிகின். பேராயரே இல்லாத மரபில் வளர்ந்தவர், மதுரை–இராமநாதபுரத்துக்குப் பேராயரானார். யாழ்ப்பாணத்துக்கு எஸ். குலேந்திரன்.

1948 லாம்பெத் மாநாட்டால் இந்தப் புதிய பட்டங்களை ஒருமனதாக ஏற்க முடியவில்லை. பெரும்பான்மையினர் ஏற்றார்கள், கணிசமானோர் தீர்ப்புச் சொல்லத் தயங்கினார்கள். 1955-ல்தான் இங்கிலாந்துத் திருச்சபையின் காண்டர்பரி, யார்க் சங்கங்கள் தென்னிந்தியத் திருச்சபையின் பேராயர்களையும் குருமார்களையும் அங்கீகரித்தன.

இங்கேயும் எல்லோரும் சேர்ந்துவிடவில்லை. ஆந்திரப் பகுதியின் நந்தியாலில் ஆங்கிலிக்கன் சபையார் கணிசமானோர் ஒன்றிப்பை ஏற்க மறுத்து வெளியே நின்றார்கள். அவர்கள் தரப்பை அடுத்த வாரம் கேட்போம்.

(தொடரும்)