கல் யாருக்கு? நீர் யாருக்கு?

வீட்டுச் சுவருக்கு வெள்ளையடிக்கும் சுண்ணாம்பு, சூளையில் சுட்ட சுண்ணாம்புக்கல்தான் என்று நீங்கள் பாடத்தில் படித்திருப்பீர்கள். மலையில் கிடக்கும்வரை அந்தக் கல் வேறொரு வேலையும் செய்து வருகிறது. அந்த வேலையின் பொருட்டு நம் உச்ச நீதிமன்றத்தில் ஐந்தாண்டுக் காலம் ஒரு வழக்கு நடந்தது என்றால் வியப்பாக இருக்கிறதல்லவா?

வடக்கே முசோரி மலைத்தொடர், தெற்கே சிவாலிக் குன்றுகள், கிழக்கே கங்கை, மேற்கே யமுனை. இவற்றுக்கு நடுவே கிடப்பது டூன் பள்ளத்தாக்கு. பாசுமதி நெல்லுக்குப் பேர்போன டேராடூன் இங்கேதான் இருக்கிறது. இன்று இது உத்தராகண்ட் மாநிலத்தைச் சேர்ந்தது. 2000ஆம் ஆண்டு வரை உத்தரப் பிரதேசத்தில் இருந்தது.

மழைநீர் கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு மிக இலேசான அமிலமாகிறது. அந்த நீர் சுண்ணாம்புக்கல்லைச் சிறிது சிறிதாக அரிக்கிறது. விரிசல்கள் அகன்று பொந்துகளாகின்றன, பொந்துகள் குகைகளாகின்றன. மழைக்காலத்தில் கொட்டும் நீர் இவற்றினுள் இறங்கித் தங்குகிறது. பிறகு மண்பானையில் நீர் கசிவதுபோல மெல்ல மெல்ல ஊற்றாக வெளிப்படுகிறது. டேராடூனுக்கு அருகிலுள்ள சகஸ்ரதாரா என்ற இடத்தின் பெயருக்கே ‘ஆயிரம் தாரை’ என்பதுதான் பொருள். கோடையிலும் பள்ளத்தாக்கின் ஓடைகளில் நீர் ஓடுவதற்கு இந்தக் கல்லும் அதன் மேலிருந்த காடும் காரணம்.

ஆனால் இது தூய்மை மிகுந்த கல். உருக்காலைகளுக்கும் இரசாயனத் தொழில்களுக்கும் இது வேண்டியிருந்தது. 1962இல் பலருக்கு 20 ஆண்டுக் குத்தகை தரப்பட்டது. குத்தகைதாரர்கள் காட்டை அழித்து, வெடிவைத்துக் கல்லைப் பெயர்த்தார்கள். வேண்டாத கல்லையும் மண்ணையும் சரிவில் தள்ளினார்கள். அது ஓடைகளில் இறங்கிப் படுகையை மேடாக்கியது. மழைக்காலத்தில் வெள்ளம் வயலுக்குள் புகுந்தது. கோடையில் ஊற்றுகள் சுருங்கின.

1982இல் குத்தகைகள் முடிந்தபோது அவற்றைப் புதுப்பிக்க மாநில அரசு மறுத்தது. குத்தகைதாரர்கள் அலகாபாத் உயர்நீதிமன்றத்தை நாடி, தொடர்ந்து வெட்டுவதற்கு இடைக்கால அனுமதி பெற்றார்கள். இந்நிலையில் 1983 ஜூலையில் டேராடூனைச் சேர்ந்த ‘கிராமப்புற வழக்கு மற்றும் உரிமை மையம்’ உச்ச நீதிமன்றத்துக்கு ஒரு கடிதம் எழுதியது. அரசியல் சட்டத்தின் 32ஆம் பிரிவின்படி அந்தக் கடிதத்தையே நீதிபதிகள் மனுவாக ஏற்றுக்கொண்டார்கள்.

கல்லுக்குள் நீர் எப்படித் தங்குகிறது என்பதற்குச் சட்டப் புத்தகத்தில் விடை கிடைக்காது. ஆகவே நீதிமன்றம் பார்கவ் என்ற சுரங்கத்துறை அதிகாரியின் தலைமையில் ஒரு நிபுணர் குழுவை மலைக்கு அனுப்பியது. குழு சுரங்கங்களை மூன்று வகையாகப் பிரித்தது: தீங்கு குறைந்தவை ‘ஏ’, மிகுந்தவை ‘பி’, ஆபத்தானவை ‘சி’. 1985 மார்ச் 12ஆம் நாள் ‘சி’ வகைச் சுரங்கங்களை நிரந்தரமாக மூடும்படி உத்தரவாயிற்று. ‘பி’ வகையும், முசோரி நகர எல்லைக்குள் இருந்த ‘ஏ’ வகையும் மற்றொரு குழுவின் ஆய்வுக்குப் போயின.

குத்தகைதாரர்களின் வாதத்தை எளிதில் ஒதுக்கிவிட முடியாது. அரசே கையெழுத்திட்டுக் கொடுத்த குத்தகையை நம்பி அவர்கள் பணம் போட்டிருந்தார்கள். உள்நாட்டில் கல் கிடைக்காவிட்டால் அந்நியச் செலாவணி செலவழித்து இறக்குமதி செய்ய நேரும் என்றார்கள். 1980ஆம் ஆண்டின் வனப் பாதுகாப்புச் சட்டம் புதிய குத்தகைக்குத்தான் பொருந்தும், புதுப்பிப்பதற்குப் பொருந்தாது என்பது அவர்களுடைய மற்றொரு வாதம். நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. காட்டு நிலத்தில் பழைய குத்தகையைப் புதுப்பிப்பதற்கும் மத்திய அரசின் முன் அனுமதி வேண்டும் என்றது. மரம் புதிது பழையது பார்த்தா விழுகிறது? எனக்கு இத்தீர்ப்பில் மிக முக்கியமாகப் படுவது இந்தப் பகுதியே. பழைய தாளைக் காட்டிப் புதிய சட்டத்தைத் தாண்டிப்போகும் வழி இதனால் அடைபட்டது.

வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே, 1986இல், சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டமும் பிறந்தது. 1988 ஆகஸ்டு 30ஆம் நாள் தீர்ப்பு வந்தது. பள்ளத்தாக்கில் சுரங்கத் தொழில் நிற்கவேண்டும். மூன்றே மூன்று சுரங்கங்கள் மட்டும் குத்தகைக் காலம் முடியும்வரை நடக்கலாம்.

சரி, கல்லுடைத்துப் பிழைத்த கூலிகள் என்ன செய்வார்கள் என்று நீங்கள் கேட்கலாம். நீதிபதிகளும் அதை மறக்கவில்லை. மரம் நடும் வேலையிலும் மண் காக்கும் வேலையிலும் அவர்களை இயன்றவரை அமர்த்தவேண்டும் என்று 1985ஆம் ஆண்டு உத்தரவிலேயே சொல்லியிருந்தார்கள். அந்த மலையில் அத்தகைய வேலை ஏற்கெனவே நடந்துகொண்டுதான் இருந்தது. 1982இல் அமைக்கப்பட்ட, முன்னாள் படைவீரர்கள் நிறைந்த சூழலியல் படைப்பிரிவு ஒன்று, வெடிவைத்து மொட்டையான முசோரிச் சரிவுகளில் குழி தோண்டிக் கன்று நட்டுக்கொண்டிருந்தது.