காலத்தின் காவலர்: கட்டுக்கரைப் பிரதேசத்தை முன்வைத்து ஒரு நோக்கு

காலத்தினூடே பயணஞ்செய்வோரைக் கட்டுப்படுத்தி, நடந்துமுடிந்த வரலாறு குலையாவண்ணம் காத்துநிற்கும் கழகமொன்று உண்டெனக் கற்பனை செய்தோர் மேனாட்டு அறிவியற் புனைகதையாசிரியர். 1955 ஆம் ஆண்டிலே இக்கற்பனை இரு வேறு வடிவங்களில் வெளிப்பட்டது. போல் அன்டர்சன் படைத்த காலக் காவற்படை வரலாற்றை உள்ளவாறே காக்க முயல்வது. ஐசாக் அசிமோவின் நாவலில் வரும் அமைப்போ மனித குலத்தின் நன்மைக்கென வரலாற்றைத் திருத்தியமைப்பது. காப்போர், திருத்துவோர் என்னும் இவ்விரு சாராரையும் கதைகளில் மட்டுமன்றி நம் மண்ணிலுங் காணலாம். கட்டுக்கரைக் குளத்தையும் அதனையடுத்த மன்னார்க் கரையையும் சான்றாகக் கொண்டு இதனை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சென்ற காலத்துக்கு மீண்டும் செல்லுதலை இயற்கை விதிகளே தடைசெய்யக்கூடும் என்னும் ஊகத்தைப் பௌதிகவியலறிஞர் ஸ்டீபன் ஹோக்கிங் 1992 இல் வெளியிட்டார். அவ்வூகம் உண்மையாயின் நடந்த நிகழ்ச்சியை இயற்கையே காக்கின்றது எனலாம். ஆயினும், நிகழ்ச்சிக்கான சான்றினை அது காப்பதில்லை. மழையும் கறையானும் மண்வெட்டியும் அதனை அழித்துவிடுகின்றன. அகழ்வாய்வாளனும் இதற்கு விலக்கல்லன். ஒரு மண்ணடுக்கை ஒருமுறை மட்டுமே அகழலாம். அகழ்ந்ததை முன்னிருந்தவாறு மீளவும் அடுக்க இயலாது. கதையில் வரும் பயணி தன் பிழையைத் திருத்த மீண்டுஞ் செல்வான், தொல்லியலாளனுக்கு அவ்வாய்ப்பில்லை.

எனவேதான் அகழ்வுக்குக் கட்டுப்பாடு வேண்டப்பட்டது. இலங்கையில் 1890 இல் தொல்பொருட் திணைக்களம் தோன்றியது. எச். சி. பி. பெல் அதன் முதல் ஆணையாளராவர். 1940 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கத் தொல்பொருட் கட்டளைச் சட்டம், அனுமதிப் பத்திரமின்றித் தொல்பொருள் நாடி அகழ்தலைத் தடுத்தது. தொல்பொருள் எது என்பதற்கும் அச்சட்டம் ஓர் எல்லை வகுத்தது. 1815 மார்ச் 2 ஆம் நாளுக்கு, அஃதாவது கண்டி உடன்படிக்கை நாளுக்கு, முற்பட்டவையே தொல்பொருள்கள். காலத்தின் குறுக்கே சட்டம் ஒரு கோடு கீறிற்று. கதையிலே காலக் காவற்படை செய்யும் பணிக்கு நிகரானதாக நம்மிடையுள்ள ஏற்பாடு இதுவேயாம்.

இனிக் கட்டுக்கரையை நோக்குவோம். அருவியாற்றைத் தேக்கம் அணைக்கட்டில் மறித்துக் கால்வாய் வழியே நீர் கொணரப்படும் இக்குளத்தை ஐந்தாம் நூற்றாண்டு மன்னனாகிய தாதுசேனனுடன் தொடர்புறுத்துவது மரபு. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பிரித்தானியர் இதனைத் திருத்தினர். அண்மைக் காலத்தில், பேராசிரியர் ப. புஷ்பரட்ணம் தலைமையில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தினர் குளத்தின் அயலில் நிகழ்த்திய அகழ்வில் சுடுமண் உருவங்கள் பல வெளிப்பட்டன. இங்கிருந்து கடற்புறஞ் சென்றால் மாந்தை. அங்கே ஜோன் காஸ்வெல் 1980, 1982, 1984 ஆகிய ஆண்டுகளில் நடாத்திய அகழ்வுகள் சீனத்தையும் மேற்காசியாவையும் சேர்ந்த மட்பாண்டங்களை வெளிக்கொணர்ந்தன. போர்ச் சூழலால் அப்பணி இடைநின்றது. அதன் முடிவுகள் நூலாக வெளிவந்தது 2013 இலேயே.

இவ்வடுக்குகளுள் ஏதேனும் ஒன்றை மட்டும் எடுத்து, 'இப்பிரதேசம் எமக்கே உரியது' என வாதிடுவோர் திருத்துவோர் சாரார். குளத்தைக் கட்டியவன் யாரென வினவி ஒரு பெயரை விடையாகப் பெற்று அமைதி கொள்வர். குளமோ ஒருநாளிற் கட்டி முடிக்கப்படுவதன்று. கட்டு உடைவதும், தூர்வதும், மீளத் திருத்தப்படுவதும் அதன் வரலாறேயாம். ஆண்டுதோறும் வாய்க்கால் துப்புரவாக்கிய பெயரறியா உழவரும் அதன் கர்த்தாக்களே. சுடுமண் உருவம் வனைந்த கைகளையும் அரச பட்டியலொன்றுள் அடக்குதல் அரிது.

இவ்வினா ஏட்டளவில் நில்லாது உயிர்த்துடிப்புள்ளதாய் எழுந்தது 2018 இல். மன்னார் நகரில் சதொசக் கட்டடத்துக்கென நிலம் தோண்டியபோது மனித எலும்புகள் வெளிப்பட்டன. நீதிமன்ற மேற்பார்வையில் நடந்த அகழ்வில் 300 க்கும் மேற்பட்டோரின் எச்சங்கள் கண்டெடுக்கப்பட்டன. அவை 1815 க்கு முற்பட்டவையாயின் தொல்லியலாரின் ஆய்வுப் பொருள். அண்மைக் காலத்தனவாயின் குற்ற வழக்கின் சான்று. ஆண்டுக்கணக்கொன்றே இரு காவலருள் எவரிடம் அவை சேரவேண்டும் என்பதைத் தீர்மானிக்கவிருந்தது. மாதிரிகள் சில அமெரிக்காவின் புளோரிடாவிலுள்ள ஆய்வுகூடத்துக்கு அனுப்பப்பட்டன. 2019 மார்ச்சில் வெளியான காபன் காலக்கணிப்பு அவற்றை 1404 க்கும் 1635 க்கும் இடைப்பட்டவை என்றது. காணாமற்போனோரின் உறவினர் தரப்பில் அம்முடிவு குறித்து ஐயங்கள் எழுப்பப்பட்டன.

இங்கு இரண்டு விடயங்களைப் பிரித்தறிதல் வேண்டும். காபன் 14 இன் அரைவாழ்வுக் காலம் ஏறத்தாழ 5,730 ஆண்டுகள். அதன் தேய்வை அளந்து இறப்பின் காலத்தை ஓர் ஆண்டெல்லைக்குள் மதிப்பிடலாம். இறந்தவர் யார், எவ்வாறு இறந்தார் என்பவற்றை அதனாற் கூறவியலாது. 1544 இல் மன்னாரிற் புதிதாகக் கத்தோலிக்கராயினோரைச் சங்கிலி மன்னன் கொல்வித்தமையும், 1560 இல் போர்த்துக்கேயர் மன்னாரைக் கைப்பற்றியமையும் அவ்வாண்டெல்லைக்குள் அடங்குவனவே. எனினும், அடங்குதல் வேறு, நிறுவப்படுதல் வேறு. மேலும், அனுப்பப்பட்ட மாதிரிகள் சிலவே, புதையுண்டோரோ பலர். ஆய்வுகூட எண்ணை மறுப்பதும் தகாது; அவ்வெண் சொல்லாததை அதன் வாயில் இடுதலும் தகாது. அக்கணிப்பு வந்தமையால், போர்க்காலத்திற் காணாமற்போன தம் மக்களைத் தேடும் தாய்மாரின் வினா விடைபெற்றுவிடவுமில்லை.

காலத்தைக் காத்தல் என்பது நமக்கு உவப்பான கடந்தகாலத்தைக் காத்தலன்று. சட்டமும் திணைக்களமும் மண்ணைக் காக்கலாம். அம்மண் கூறுவதைக் கூறியவாறே பதிதல் ஆய்வாளரின் கடமை. அரசு வகுக்கும் ஆய்விலும் குறை காணப்படலாம், நம்மவர் எழுதும் ஆய்விலும் காணப்படலாம். இரண்டையும் ஒரே அளவுகோலால் அளக்கும் துணிவு பல்கலைக்கழகத்திற் பிறவாவிடின் வேறெங்குப் பிறக்கும்? கட்டுக்கரையில் இன்னும் அகழப்படாத அடுக்குகள் பல உள. அவற்றைத் திறக்கச் செல்வோர் விடையைக் கையிற் கொண்டு செல்லாது, வினாவைக் கொண்டு செல்வாராக.