பறிமுதல்

பெயர்ச்சொல். ‘பறி’ என்னும் வினையடியும், உடைமை எனப் பொருள்படும் ‘முதல்’ என்னும் பெயரும் சேர்ந்தது. கொள்ளைப் பொருளையும் குறித்த இச்சொல், இன்று ஒருவரது உடைமையை அரசு சட்டப்படி தனதாக்கிக்கொள்வதைக் குறிக்கிறது. அரபு மூலமுடைய ‘ஜப்தி’ பெரும்பாலும் கடன் வழக்குகளில் வழங்குகிறது.

செய்தித்தாள்கள் கைப்பற்றுதலையும் பறிமுதல் என்றே எழுதுகின்றன. சட்டத்தில் இரண்டும் வேறு. சந்தனக்கட்டை கடத்திய லாரியை வனத்துறை பிடித்து வைப்பது கைப்பற்றுதல். அப்போதும் வண்டி உரிமையாளருடையதே. 1882-ஆம் ஆண்டு தமிழ்நாடு வனச் சட்டத்தின் 49-ஏ பிரிவின்படி அதிகாரம் பெற்ற வன அலுவலர் ஆணையிடுவதே பறிமுதல். இதற்குக் குற்ற வழக்கு முடியும்வரை காத்திருக்க வேண்டியதில்லை.

ஆணைக்கு முன் உரிமையாளருக்கு எழுத்து மூலம் அறிவிப்புக் கொடுத்து விளக்கம் கேட்பது கட்டாயம். தானும் தன் முகவரும் வண்டியை ஓட்டியவரும் கடத்தலை அறியவில்லை, உடந்தையுமில்லை, தக்க முன்னெச்சரிக்கை எடுத்திருந்தனர் என்று அவர் மெய்ப்பித்தால் வண்டியைப் பறிமுதல் செய்ய முடியாது. ஆணை பாதகமானால், சட்டம் குறித்த காலக்கெடுவுக்குள் மேல்முறையீடு செய்யலாம். இடைக்காலத்தில் வண்டியை விடுவிப்பது எளிதன்று: வனக்குற்றத்தில் சிக்கிய வண்டிகளைப் பறிமுதல் நடவடிக்கை முடியுமுன் சாதாரணமாக விடுவிக்கலாகாது என 2000-இல் உச்ச நீதிமன்றம் கர்நாடக வழக்கொன்றில் தீர்ப்பளித்தது.