மின்குழாயும் அங்குலமும்

மின்கம்பியை உள்ளடக்கிச் செல்லும் குழாயை 'ஓரங்குலக் குழாய்' என்பர். அந்த அங்குலம் அளக்கப்பட்டது குழாயின் உள்ளேயா, வெளியேயா?

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்தில் வாயு விளக்குப் பரவியபோது, வாயுக்குழாயை அதன் உட்டுளையைக் கொண்டே குறித்தனர். எவ்வளவு வாயு செல்லும் என்பதன்றோ அவர்களுக்கு வேண்டியிருந்தது! அரையங்குல இரும்பு நீர்க்குழாயின் புறவிட்டம் இன்றும் 21 மில்லிமீற்றருக்குச் சற்றுக் கூடுதலாயிருப்பது இம்மரபினாலேயே. பின்னர் மின்விளக்கு வந்தது. தொடக்கத்தில் மரச்சட்டங்களிலும் வாயுக்குழாய்களிலும் கம்பியைச் செலுத்தியவர்கள், நாளடைவில் மின்சாரத்துக்கென்றே எஃகுக் குழாய் செய்தனர். பிரித்தானியர் அதனைப் புறவிட்டத்தால் அளந்தனர். அமெரிக்கரோ பழைய முறையை விடவில்லை. அவர்களுடைய ஓரங்குலக் குழாய் வெளியே 33 மில்லிமீற்றர்.

இலங்கை பிரித்தானியர் வழியையே பின்பற்றியது. மலைநாட்டு நீர்வளத்தால் மின்சாரம் பெறலாமெனப் பொறியியலாளர் டி. ஜே. விமலசுரேந்திர 1918இல் எடுத்துரைத்தார். லக்ஷபான திட்டத்தின் முதற்கட்டம் 1950இல்தான் இயங்கலாயிற்று. வலப்பனைப் பக்கத்து ரந்தெனிகல நீர்த்தேக்கம் 1986இல் நிறைவெய்தியபோது மில்லிமீற்றர்க் காலம் பிறந்திருந்தது. முக்கால் அங்குலத்தின் இடத்தில் 20, ஓரங்குலத்தின் இடத்தில் 25.

புறவிட்டத்தை மட்டும் நம்புவோர் ஏமாறுவது உள்ளிடத்தில். ஓரங்குலக் குழாயின் சுவர் அங்குலத்தில் 16இல் ஒரு பங்கு தடிப்பாயின், உள்விட்டம் 8இல் 7 பங்கு. பரப்போ 64இல் 49 பங்கே. ஏறக்குறையக் காற்பங்கு போய்விட்டது! எஞ்சியதிலும் 40 விழுக்காட்டுக்கு மேல் கம்பியால் நிரப்பலாகாது என்பது பழைய விதி. மீறினால் இழுக்கும்போதே உறை உரியும், வெப்பமும் வெளியேறாது. மரச்சட்டமும் தகரக் கூரையுமாய் நெருங்கி நிற்கும் லயங்களில் அதன் விளைவைச் சொல்ல வேண்டியதில்லை.

பழைய குழாயோடு புதியதை இணைக்கும்போது இன்னோர் இடர் உண்டு. ஓரங்குலம் என்பது 25.4 மில்லிமீற்றர், மரையின் இடைவெளியும் வேறு. எஃகுக் குழாயே புவித்தொடுப்பாகவும் பயன்பட்ட கட்டடத்தில் இணைப்புத் தளர்ந்தால், கசியும் மின்சாரம் நிலத்தை அடைய வழியிராது. ஈரத் தரையில் நின்று குழாயைத் தொடுபவரின் உடலே அவ்வழியாகிவிடும். ஒருபுறம் அங்குல மரையும் மறுபுறம் மில்லிமீற்றர் மரையும் வெட்டிய இணைப்பிகள் இதற்கென்றே செய்யப்படுகின்றன. சணலைச் சுற்றி இறுக்குவது அதற்கு ஈடாகாது.