உலையும் கூரையும்: மயிலாப்பூர்க் கூட்டுக்குடும்பம் பிரியும் வரிசை

1. வரையறை

கூட்டுக்குடும்பம் என்பதை வழக்கறிஞர் ஒரு பொருளிலும் மக்கள்தொகைக் கணக்கெடுப்பாளர் வேறு பொருளிலும் ஆளுகின்றனர். உணவு, வழிபாடு, சொத்து மூன்றிலும் ஒன்றியிருப்பதே இந்து சட்டம் கருதும் கூட்டுக்குடும்பம். கணக்கெடுப்போ ஒரே சமையலறையில் உண்டு சேர்ந்து வாழ்வோரை ஒரு குடித்தனமாக எண்ணும். உறவுமுறையை அது கட்டாயமாக்குவதில்லை. இரண்டையும் கருதி நாம் நான்கு ஒருமைகளைக் கொள்கிறோம். வரவெல்லாம் ஒரு கையில் சேர்வது பொருளொருமை. ஒரே உலையில் வெந்த சோற்றை உண்பது உலையொருமை. ஒரே வாசல் வழியே புழங்குவது கூரையொருமை. முன்னோர்க்குரிய திதியைக் கூடி நடத்துவது வழிபாட்டொருமை. இந்நான்கும் ஒருசேர அறுவதில்லை. மேலே சொன்ன வரிசையிலேயே அறும் என்பது எமது துணிபு. சான்றாகக் கொண்டது மயிலாப்பூரில் தொடங்கித் தியாகராய நகருக்கும் அடையாற்றுக்கும் பரவிய, பெரும்பாலும் பிராமணக் குடும்பங்களின் வழக்கம்.

2. முழு ஒருமை

மாட வீதியை ஒட்டிய பழைய வீட்டில் திண்ணை, ரேழி, கூடம், முற்றம், சமையலுள் என இடங்கள் உள்நோக்கிச் செல்லும், அதிகாரமும் அவ்வாறே. அரிசி அளக்கும் படியும் சாமான் அறைச் சாவியும் மாமியாரிடம் இருக்கும். புது மாட்டுப்பெண்ணுக்குக் காய் நறுக்குவதும் அரைப்பதும் கிடைக்கும். உலையில் அரிசி இடும் உரிமை பின்னரே வரும். ஓர்ப்படிகளுக்குள் மூப்பு அவரவர் வயதால் அமைவதில்லை, கணவரின் பிறப்பு வரிசையால் அமைகிறது. காபியிலும் இந்த மேல்கீழ் வரிசை தெரியும்: முதல் டிகாக்ஷன் மாமனாருக்கும் ஆபீஸ் போகும் பிள்ளைகளுக்கும், அதே பொடியில் மறுபடி வெந்நீர் ஊற்றி இறக்கிய இரண்டாவது, சமைத்து முடித்த பெண்களுக்கு. இந்த ஒற்றுமையைப் புகழ்ந்தவர்கள் பெரும்பாலும் முதல் பந்தியில் உண்டவர்கள் என்பதையும் குறித்தாக வேண்டும்.

3. காரணம்

விரிசல் சமையலுள்ளில் தொடங்கியது என்பது பொதுக்கருத்து. மாமியார்–மருமகள் சண்டைமேல் பழிபோடுவது எளிது. நாம் அதை ஏற்பதற்கில்லை. முதற்காரணம் சம்பளம். குடும்பப் பணத்தில் படித்த மகன் வக்கீலாகி ஈட்டியதில் தம்பிக்கும் பங்குண்டா என்னும் வழக்கு மயிலாப்பூர் வக்கீல்களின் சொந்த வீட்டு வழக்கே. அவர்களுள் தலைசிறந்த வெ. பாஷ்யம் ஐயங்கார் இதற்காகச் சென்னைச் சட்டசபையில் கொண்டுவந்த மசோதா நிறைவேறியும் ஆளுநர் ஒப்புதல் பெறவில்லை. 1930இல் வந்த மத்தியச் சட்டமே, படிப்புச் செலவு யாருடையதாயினும் கல்வியால் ஈட்டியது ஈட்டியவனுக்கே என்று வரையறுத்தது. அடுப்பு பிரியுமுன்பே பணப்பை பிரிந்துவிட்டது.

சம்பளத்துக்கு அடுத்தது குடும்பச் சொத்து. 1989ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுத் திருத்தம் மகளையும் பிறப்பால் பங்காளியாக்கியது. அதற்குமுன் மணமானவர்களை விலக்கியது. 2005ஆம் ஆண்டின் மத்தியத் திருத்தம் அவ்விலக்கை வைக்கவில்லை. ஆயினும் அண்ணனுக்கு விடுதலைப் பத்திரம் எழுதிக்கொடுக்கும் தங்கைகள் இன்றும் உண்டு.

4. உலையும் கூரையும்

1920களில் நெடுங்குளம் என்னும் ஏரியின் தரையில் தியாகராய நகர் மனைகள் எழுந்ததும், பிறகு அடையாற்றில் காந்தி நகர் உருவானதும் தனிக்குடித்தனத்துக்கு இடம் தந்தன. ஆனால் எமது வரிசைக்குத் தக்க சான்று அடுக்ககமே. பழைய வீட்டைக் கட்டுமானக்காரரிடம் ஒப்படைக்கும் சகோதரர்கள் அதே மனையில் தளத்துக்கு ஒருவராகக் குடியேறுகின்றனர். உலை தளத்துக்கு ஒன்றாகிறது, தெருவாசல் ஒன்றாகவே நிற்கிறது. வற்றல்குழம்பும் ரசமும் கிண்ணத்தில் மாடி ஏறி இறங்குகின்றன. இதை 'அரையுலை' எனலாம்: சோறு தனி, குழம்பு பொது. கூரையும் பிரிவது ஒருவர் தம் ஃபிளாட்டை விற்கும்போதுதான்.

5. வழிபாடும் ஒரு விதிவிலக்கும்

பாகம் பிரிந்த சகோதரர் தந்தையின் திதியைத் தனித்தனியே செய்ய வேண்டும் என்பது சாத்திரம். விதி இப்படியிருக்க, மூத்தவர் வீட்டில் கூடி, செலவைப் பகிர்ந்து நடத்துவோரும் உளர். சட்டப்படி பிரிந்தவர் இங்கே பிரியாதவர்.

வகைக்குள் அடங்காதவர் ஒருவர்: மகன்கள் வீட்டில் மாதமுறை வைத்து மாறிமாறித் தங்கும் தாய். அவர் பெயர் குடும்ப அட்டையில் ஒரு மகனோடு இருக்கும். தட்டு அடுத்த மாதம் இன்னொருவர் வீட்டில் விழும். அவரை எந்த உலையிலும் சேர்க்காமல், சுழல் உறுப்பினர் எனத் தனியே எண்ணுகிறோம்.