நான்கெல்லைக்குள்

வங்கியில் அடமானப் பத்திரங்களைச் சரிபார்ப்பது என் வேலை. பத்திரத்தில் நான்கெல்லை இருக்கும். எந்த மூலையில் பாட்டி படுத்திருந்தாள் என்பது இராது. தோம்பும் அப்படித்தான். போர்த்துக்கீசியத்திலிருந்து வந்த சொல். ஒல்லாந்தர் ஆட்சியில் யாழ்ப்பாணத்து நிலங்களைப் பதிந்துவைத்த ஏடு.

யாழ்ப்பாணத்து ஓவியர் தா. சனாதனன் 2011இல் 'முற்றுப்பெறாத தோம்பு' என்ற பொருள்பட ஆங்கிலத் தலைப்பிட்டு ஒரு புத்தகம் செய்தார். பார்வைக்கு அலுவலகக் கோப்பு. போரில் வீடிழந்த தமிழர்களும், 1990இல் புலிகளால் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களும் தங்கள் வீட்டின் தரைப்படத்தை நினைவிலிருந்து வரைந்து தந்தார்கள். மொத்தம் 80 வீடுகள். ஒவ்வொன்றையும் கட்டடக் கலைஞர் ஒழுங்கான வரைபடமாக்குகிறார். பிறகு சனாதனனின் ஓவியம்.

ஓவியம் பயிலாத கை வரைந்த முதல் படத்தில்தான் என் கண் நின்றுவிடுகிறது. கட்டடக் கலைஞர் கோட்டை நேராக்குகிறார். நேராகும்போதே ஏதோ போய்விடுகிறது. போனதைத் தேடித்தான் மூன்றாவது படம். சனாதனனின் ஓவியங்கள் சில, அந்தக் கோணல் கோடுகளுக்குப் பக்கத்தில், சற்று அதிகமாகவே அழகாக இருக்கின்றன. இது என் குறை. ஆனால் இரு சாரார் வீடுகளையும் ஒரே கோப்பில் அடுக்கிய துணிவைப் பற்றி நம் விமர்சகர்கள் இன்னும் கொஞ்சம் பேசியிருக்கலாம்.