வாக்கும் வீதியும்

உள்ளூராட்சித் தேர்தலைச் ‘சின்னத் தேர்தல்’ என்று சொல்வது நம் நாட்டில் வழக்கமாகிவிட்டது. பாராளுமன்றத் தேர்தல் வந்தால் வீதியோரத்துத் தேநீர்க் கடை முதல் பத்திரிகைத் தலையங்கம் வரை பரபரப்படைகின்றன. பிரதேச சபைத் தேர்தலென்றால், “அவர்களுக்கு என்ன அதிகாரம் இருக்கிறது?” என்று கையை விரித்துவிடுகிறோம். ஆனால், குடிநீர்க் குழாய், மழைநீர் வடியும் கான், சந்தை, மயானம், தெரு விளக்கு, பிள்ளைகள் பாடசாலைக்கு நடந்து போகும் ஒற்றையடிப் பாதை ஆகிய யாவும் அந்தச் ‘சின்ன’ சபையின் பொறுப்பிலேயே இருக்கின்றன. பெரிய தேர்தல் ‘நாட்டை ஆள்பவர் யார்?’ என்று கேட்கிறது. சின்னத் தேர்தலோ அதனினும் கூர்மையான ஒரு கேள்வியைக் கேட்கிறது. ‘இந்த ஊரார் என்போர் யார்?’ என்பதே அக்கேள்வி.

மாத்தளை மாவட்டத்தில் இக்கேள்விக்கு விடை கிடைக்க ஒரு நூற்றாண்டுக்கு மேல் சென்றது. அந்த விடை இன்னும் முழுமை பெறவில்லை என்பதே எமது கருத்து.

மாத்தளை ஒரு தன்மையதான நிலமன்று. நடுவே, 1880இல் புகையிரதப் பாதை வந்து முடிந்த மாத்தளை நகரம். அதன் திருகோணமலை வீதியில் தமிழரும் முஸ்லிம்களும் சிங்களவரும் அருகருகே கடை வைத்திருக்கிறார்கள். நகரின் ஓரத்தில் உக்குவளை முதலிய புறநகர்ப் பகுதிகள். அவற்றுக்கு மேலே எல்கடுவ, இரத்தோட்டை மலைச்சரிவுகளில் தேயிலையும் இறப்பரும் கொக்கோவும் மிளகும். வடக்கே நாவுல, தம்புள்ளை, கலேவலை என வயலும் குளமும் சார்ந்த கிராமங்கள். இன்று இம்மாவட்டத்தில் மாத்தளை, தம்புள்ளை என 2 மாநகர சபைகளும் 11 பிரதேச சபைகளும் உள்ளன. 2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி மாவட்டத்தின் மக்கள் தொகை சுமார் 4 லட்சத்து 85 ஆயிரம். அவர்களுள் ஐந்தில் நால்வர் சிங்களவர்; முஸ்லிம்கள் நூற்றுக்கு ஒன்பது பேர்; ‘இலங்கைத் தமிழர்’, ‘இந்தியத் தமிழர்’ என்று இரு பெயர்களில் பதிவான தமிழர் சேர்ந்து ஏறத்தாழ நூற்றுக்குப் பத்துப் பேர்.

இத்தமிழருள் பெரும்பாலோரின் மூதாதையர் எவ்வழியாக வந்தனர் என்பதை மாத்தளை மறக்க முடியாது. மன்னார்க் கரையில் இறங்கி, காடும் காய்ச்சலும் நிறைந்த வட பாதையில், தம்புள்ளை, நாலந்தா வழியாகக் கால்நடையாக அவர்கள் மாத்தளையை வந்தடைந்தார்கள். வழியில் வீழ்ந்து மடிந்தோர் பலர். மாத்தளை அவர்களுக்கு மலைநாட்டின் வாசல்.

அவர்கள் வந்திறங்கிய நிலமோ மற்றோர் ஏழை உழவனிடமிருந்து பறிக்கப்பட்ட நிலமாகும். 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க முடிக்குரிய காணிச் சட்டம், உரிமைப் பத்திரம் காட்ட முடியாத கண்டிக் கிராமத்தானின் சேனைக்காட்டையும் மேய்ச்சல் நிலத்தையும் அரசின் உடைமையாக்கிற்று. அரசிடமிருந்து அவை கோப்பித் துரைமாரின் கைகளுக்கு மாறின. 1848இல் தேசாதிபதி டொரிங்டன் ஆட்சி துப்பாக்கிக்கு வரி, நாய்க்கு வரி, கடைக்கு வரி என்று அடுக்கியது. இவற்றோடு, ஆண்மக்கள் ஆண்டுக்கு ஆறு நாள் வீதி வேலை செய்ய வேண்டும், இல்லையேல் மூன்று சிலிங் கட்ட வேண்டும் என்றும் விதித்தது. அந்த வீதிகள் யாருக்காக? கோப்பி மூட்டைகளைக் கொண்டு செல்வதற்காகவே. அவ்வாண்டு ஜூலை இறுதியில் கொங்காலேகொட பண்டாவும் புரன் அப்புவும் தலைமை தாங்கிய கிளர்ச்சியாளர் மாத்தளைக்குள் நுழைந்து, கச்சேரியைத் தாக்கி வரிப் பதிவேடுகளை அழித்தனர். ஆகஸ்டு 8ஆம் நாள் புரன் அப்பு கண்டியில் சுட்டுக் கொல்லப்பட்டான்.

ஆகவே, எமது மாவட்டத்தின் உள்ளூர் ஆட்சி வரலாறு வீதியிலிருந்தே தொடங்குகிறது எனலாம். வீதிக்காகக் கிராமத்தானிடம் உழைப்பு வாங்கப்பட்டது. அதே வீதியின் முடிவிலிருந்த தோட்டத்தில் தமிழனிடம் உழைப்பு வாங்கப்பட்டது. இருவரையும் வருத்திய கை ஒன்றுதான். ஆனால், அவ்விருவரும் ஒருவரையொருவர் அறியாத வண்ணம் இரண்டு ஆட்சிகள் ஏற்படுத்தப்பட்டன.

எவ்வாறெனில், 1865ஆம் ஆண்டுச் சட்டத்தால் கொழும்பு, கண்டி போன்ற பெருநகரங்களுக்கு மாநகர சபைகள் கிடைத்தன. 1871இல் கிராமச் சமுதாயச் சட்டம் இயற்றப்பட்டுப் பழைய ‘கம்சபா’ மரபு புதிய வடிவில் உயிர் பெற்றது. அதிலிருந்தே பிற்காலத்துக் கிராமச் சங்கங்கள் தோன்றின. நகரத்தானுக்கு நகர சபை, கிராமத்தானுக்குக் கிராமச் சங்கம், தோட்டத்தானுக்கு? அவனுக்குத் துரையும் கங்காணியும். லயத்துக்கு வெள்ளை அடிப்பதா, பீலிக்குத் தண்ணீர் விடுவதா, பிணத்தை எங்கே புதைப்பது என்பன யாவும் தோட்ட நிர்வாகத்தின் விருப்பம். லயம் சட்டத்தின் கண்ணில் ஊரன்று. அது வேலை கொடுப்பவன் வேலை செய்பவனுக்கு விட்டிருந்த தங்குமிடம். வேலை போனால் வீடும் போகும். அத்தகையவனை ‘ஊரான்’ என்று எந்தச் சபையும் கணக்கில் எடுக்கவில்லை.

1931இல் டொனமூர் அரசியலமைப்பு இலங்கைக்குச் சர்வசன வாக்குரிமையைக் கொண்டுவந்தது. தோட்டத் தொழிலாளருள் நிரந்தர வதிவை நிரூபித்தோர் வாக்காளராயினர். அவ்வாண்டில் சுமார் 1 லட்சமாக இருந்த இந்திய வம்சாவளி வாக்காளர் தொகை 1939இல் சுமார் 2 லட்சத்து 25 ஆயிரமாக உயர்ந்தது. இவ்வளர்ச்சியே பலருக்கு அச்சமூட்டிற்று. 1937இல் கிராமச் சமுதாயச் சட்டம் திருத்தப்பட்டபோது, கிராமச் சங்கத் தேர்தல்களில் இந்தியத் தொழிலாளர் வாக்களிப்பதைத் தடுக்க முயற்சி நடந்தது. இது அப்பட்டமான இன ஒதுக்கல் என்ற எதிர்ப்பு எழுந்தது. எழுந்ததும் வாசகம் மாற்றப்பட்டது. இன்ன இனத்தார் என்று சொல்லாமல், தோட்ட லயங்களில் வசிக்கும் தொழிலாளர் அனைவருக்கும் வாக்கில்லை என்று சட்டம் கூறிற்று. லயத்தில் வசித்தோர் யார் என்பது எல்லோரும் அறிந்ததே. சொல் மாறிற்று, பொருள் மாறவில்லை.

இதன் விந்தையை வாசகர்கள் சற்றே எண்ணிப் பார்க்க வேண்டும். மாத்தளைத் தோட்டத்திலுள்ள ஒரு தொழிலாளி, நாட்டுக்கே சட்டமியற்றும் அரசாங்க சபைக்கு உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கத் தகுதியுடையவன். ஆனால், தன் லயத்துக்குக் கீழே ஓடும் கானைத் துப்புரவு செய்யும் கிராமச் சங்கத்துக்கு உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கத் தகுதியற்றவன்! கிராமத்தவர் எண்ணிக்கையில் அமிழ்ந்துபோவர் என்பதே அன்று கூறப்பட்ட காரணம். கிராமத்தையும் தோட்டத்தையும் ஒரே மேசையைச் சுற்றி உட்கார வைத்திருக்கக்கூடிய தருணம் அது. அத்தருணம் நழுவவிடப்பட்டது. இத்தகைய மனக்குறைகளின் நடுவேதான் 1939 ஜூலையில் ஜவஹர்லால் நேரு இலங்கை வந்தார். இலங்கை இந்தியக் காங்கிரஸ் பிறந்தது.

பின்னர் நடந்தவற்றைப் பாடநூல்கள் ஓரளவு சொல்கின்றன. 1947ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் 7 இடங்களை வென்றது. தலவாக்கலையில் வென்றவர் எழுத்தாளர் சி. வி. வேலுப்பிள்ளை. மறு ஆண்டே 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் வந்தது. 1949இல் தேர்தல் திருத்தச் சட்டம் வந்தது. பிரசையல்லாதவருக்கு வாக்கில்லை என்றாயிற்று. கிராமச் சங்க வாக்கு முன்னரே இல்லை. இப்போது பாராளுமன்ற வாக்கும் போயிற்று. 1964 அக்டோபரில் சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம் 9 லட்சத்து 75 ஆயிரம் மனிதரை எண்களாகப் பிரித்தது. 5 லட்சத்து 25 ஆயிரம் பேர் இந்தியாவுக்கு, 3 லட்சம் பேர் இலங்கைக்கு. மீதி 1 லட்சத்து 50 ஆயிரம் பேரை 1974இல் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பங்கிட்டுக்கொண்டன. 1980களின் பிற்பகுதியிலும் இறுதியாக 2003இலும் இயற்றப்பட்ட சட்டங்களாலேயே எஞ்சியோர்க்குக் குடியுரிமை உறுதியாயிற்று.

குடியுரிமை வந்தது; தேருநர் இடாப்பில் பெயர் ஏறியது; வாக்குச் சீட்டும் கைக்கு வந்தது. ஆயின் கதை முடிந்துவிடவில்லை. நாம் சொல்ல வந்த செய்தி இங்கேதான் தொடங்குகிறது.

1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கப் பிரதேச சபைச் சட்டம் நாட்டுப்புறத்து உள்ளூராட்சியைப் புதிதாக அமைத்தது. 1991இல் முதற் பிரதேச சபைத் தேர்தல் நடைபெற்றது. தோட்டத்துத் தமிழரும் வரிசையில் நின்று வாக்களித்தனர். சில சபைகளில் உறுப்பினருமாயினர். ஆனால், அவ்வுறுப்பினர் சபையில் எழுந்து, “எங்கள் தோட்டத்துப் பாதையைச் செப்பனிட வேண்டும்” என்று கேட்டால், “அது கம்பனிக் காணி, சபைப் பணத்தை அங்கே செலவிடச் சட்டத்தில் இடமில்லை” என்பதே விடை. அச்சட்டத்தின் 33ஆம் பிரிவு அவ்வாறே பொருள் கொள்ளப்பட்டது. தோட்டங்கள் 1970களில் அரசுடைமையாகி, 1992இல் கம்பனிகளின் முகாமைக்குச் சென்றபோதிலும், லயம் நிற்கும் நிலம் மட்டும் என்றும் பிறர் நிலமாகவே இருந்தது. சபை வீதி தோட்டத்து வாயிலோடு நின்றது. வாக்குப் பெட்டி வாயிலைத் தாண்டி உள்ளே சென்றது, வீதி செல்லவில்லை.

வாக்கென்பது என்ன? வகுப்பறையில் குடியியல் பாடம் நடத்தும்போது, ‘தன் பொதுத் தேவையைத் தன் பிரதிநிதி வழியே நிறைவேற்றிக்கொள்ளும் கருவி’ என்று நாம் விளக்குகிறோம். அக்கருவி கையிலிருந்தும் அது வேலை செய்யும் இடம் மட்டும் சட்டத்தால் விலக்கப்பட்டிருந்தால், அப்பாடத்தை எந்த முகத்தோடு நடத்துவது? மழை பெய்த மறுநாள் வருகைப் பதிவேட்டில் எந்தப் பிள்ளைகளின் பெயருக்கு எதிரே வெற்றிடம் விழுகிறது என்பதை மலைநாட்டு ஆசிரியர் எவரும் அறிவர்.

இத்தடை 2018ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கத் திருத்தச் சட்டத்தால் நீங்கிற்று. பிரதேச சபைகள் தோட்டப் பகுதிகளிலும் வீதி, கிணறு முதலிய பொது வசதிகளைச் செய்ய வழி திறந்தது. 1937இலிருந்து எண்ணினால் எண்பத்தொரு ஆண்டுகள்! ஒரு மனிதன் பிறந்து, கொழுந்து பறித்து, முதுமையடைந்து மண்ணுக்குள் போகும் காலம் அது.

அதே 2018இல், பெப்ரவரி 10ஆம் நாள், புதிய தேர்தல் முறையில் உள்ளூராட்சித் தேர்தல் நடந்தது. உறுப்பினருள் நூற்றுக்கு 60 பேர் வட்டாரத்திலிருந்தும் 40 பேர் விகிதாசாரப் பட்டியலிலிருந்தும் தெரிவாகும் முறை அது. பெண்களுக்கு நூற்றுக்கு 25 இடங்கள் என்ற ஒதுக்கீடும் சேர்ந்தது. நுவரெலியா மாவட்டத்தில் தோட்ட மக்கள் அடர்த்தியாக வாழ்கின்றனர். அங்கே அம்பகமுவ, நுவரெலியா என்னும் இரு பிரதேச சபைகள் ஆறாகப் பிரிக்கப்பட்டதனால் அவர்களுக்கு வலிமை கூடிற்று. மாத்தளையின் நிலை வேறு. இங்கே தோட்டங்கள் உக்குவளை, இரத்தோட்டை, மாத்தளை, அம்பன்கங்கைக் கோறளை எனச் சிதறிக் கிடக்கின்றன. வட்டார எல்லை ஓரங்குலம் நகர்ந்தால் ஒரு தோட்டத்தின் வாக்கு இரண்டாகப் பிளந்துபோகும். ஆதலின் இங்கே தோட்டத்தான் தனித்து நின்று வெல்வதென்பது அரிது. கிராமத்துச் சிங்களவனோடும் பட்டினத்து முஸ்லிமோடும் சேர்ந்தே அவன் தன் பாதையைப் பெற முடியும்.

சிலர் இதனைக் குறையென்பர். நாமோ இதனை நல்வாய்ப்பென்றே கருதுகிறோம். மலையிலிருந்து இறங்கும் நீர், தோட்டத்தைத் தாண்டிக் கிராமத்து வயலுக்கும், வயலைத் தாண்டிப் பட்டினத்துக் கானுக்கும் செல்கிறது. மேலே கழிவு சேர்ந்தால் கீழே நோய் வருகிறது. தோட்டத்துப் பாதை செப்பனிடப்பட்டால் அப்பாதையில் கிராமத்தானின் மிளகு மூட்டையும் சந்தைக்குப் போகும். 1848இல் ஒரே ஆட்சியால் வருந்தியும் ஒருவரையொருவர் அறியாதிருந்த இரு ஏழைகளின் வழித்தோன்றல்கள், இன்று ஒரே சபை மண்டபத்தில் உட்கார்ந்து ஒரே வரவு செலவுத் திட்டத்தைப் படிக்கிறார்கள். இது அற்பமான மாற்றமன்று.

ஆயினும், கிடைத்த சபையும் எளிதிற் பறிபோகக்கூடியது என்பதை அண்மைக்காலம் காட்டிற்று. 2023 மார்ச் 9ஆம் நாளுக்குக் குறிக்கப்பட்ட உள்ளூராட்சித் தேர்தல், பணமில்லை என்ற காரணத்தால் நடைபெறாது போயிற்று. அம்மாதமே சபைகளின் காலம் முடிந்தது. 2024 ஆகஸ்டில் உயர் நீதிமன்றம், தேர்தலை நடத்தாமை மக்களின் அடிப்படை உரிமையை மீறியதெனத் தீர்ப்பளித்தது. இறுதியில் 2025 மே 6ஆம் நாளிலேயே தேர்தல் நடந்தது. இரண்டு ஆண்டுகளுக்கு மேலாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர் எவருமின்றி அதிகாரிகளே சபைகளை நடத்தினர். பாராளுமன்றம் இரண்டு ஆண்டு இல்லாமற் போயிருந்தால் நாடு பொறுத்திருக்குமா? ‘சின்னத் தேர்தல்’ என்று நாம் சொல்லிப் பழகிய சொல்லே அதற்கு இடங்கொடுத்தது.

சட்டம் வழியைத் திறந்திருக்கிறது. திறந்த வழியில் கல்லும் தாரும் தாமே வந்து விழமாட்டா. சபையின் வருமானம் சிறிது. தோட்ட நிர்வாகத்தின் இசைவு வேண்டும். லயத்தில் வாழ்வோர்க்கு இன்னும் சொந்தக் காணி உறுதி இல்லை. ஆகவே, தேர்தல் நாளில் மையிட்ட விரலோடு கடமை முடிந்ததென்று வீடு திரும்புதல் ஆகாது. ஆண்டு முடிவில் வரவு செலவுத் திட்டம் சபைக்கு வரும்போது, ‘இதில் எங்கள் தோட்டத்துக்கு எத்தனை ரூபாய்?’ என்று கேட்க வேண்டும். கொழுந்து பறிக்கும் பெண்ணே சபையில் எழுந்து அக்கேள்வியைக் கேட்பாளாயின் இன்னும் சிறப்பு. கேட்பவருக்குத் துணையாக, கீழேயுள்ள கிராமத்தானும் கை உயர்த்த வேண்டும்.

வீதி தோட்டத்து வாயிலைத் தாண்டி லயத்து முற்றம் வரை செல்லும் நாளில்தான், ‘இந்த ஊரார் என்போர் யார்?’ என்ற கேள்விக்கு மாத்தளை முழு விடை எழுதியதாகும்.